ராசிக்காரி

செலண்டார் ஊரில் சின்னத்தம்பியின் சாப்பாட்டுக் கடையைத் தெரியாதவர்கள்கூட இருக்கலாம். அவர் மகளின் ராசியைத் தெரியாதவர்கள் கிடையாது. கறி எப்படி என்று கேட்டால் ஆளுக்கொன்று சொல்வார்கள். உப்புக் கூட என்பான் ஒருவன், காரம் போதாது என்பான் இன்னொருவன். திலகவதியின் ராசியைப் பற்றி மட்டும் ஊர் ஒரே வாயால் பேசும்.

அந்த ராசி பிறந்த கதையைச் சின்னத்தம்பி சொல்லித்தான் கேட்க வேண்டும். எஸ்டேட்டில் ரப்பர் மரம் சீவிக்கொண்டிருந்தவர், மரங்களை அழித்து எண்ணெய்க்கான செம்பனை போட்டபோது வேலையை விட்டுவிட்டு, பஸ் நிற்கிற இடத்துக்குப் பக்கத்தில் தகரக் கூரை போட்டு ஓர் ஒட்டுக்கடை திறந்தார். திறந்த அன்று காலையில் ஆஸ்பத்திரியில் திலகவதி பிறந்தாள். அன்று பார்த்துச் சிகாமட்டுக்குப் போகிற பஸ் கடைக்கு எதிரே படுத்துக்கொண்டது. வேறு பஸ் வருவதற்குள் பயணிகள் சட்டியை வழித்துச் சாப்பிட்டுவிட்டார்கள். பஸ் படுத்ததற்குக் காரணம் ரேடியேட்டர். சின்னத்தம்பி கண்டதோ மகள் பிறந்த வேளை. காக்கை உட்காரப் பனம்பழம் விழுந்தால், அந்தக் காக்கைக்குக் கோயில் கட்டுகிற மனிதர் அவர்.

சில வருடம் கழித்துக் கணேஸ்வரன் பிறந்தான். அன்று காற்று சுழற்றியடித்து ஒட்டுக்கடையின் தகரத்தைப் பிய்த்துக் கொண்டுபோய் எதிர்த்த காய்கறித் தோட்டத்தில் போட்டது. பிள்ளை என்ன செய்வான்? ஆனால் அன்றைக்கே அவன் கணக்கு முடிந்துவிட்டது. ஒட்டுக்கடை கல் கட்டடக் கடையாக மாறிய பிறகும் காலை நேரத்தில் அவன் முன்வாசல் வழியாக வரக்கூடாது, கல்லாப் பக்கம் நிற்கக்கூடாது. பாத்திரம் கழுவுகிற பின்பக்கமாக வந்து, பசியாறிவிட்டு, பின்பக்கமாகவே பள்ளிக்கூடம் போவான். மீசை முளைத்ததும் ஜொகூருக்குப் போனவன் அங்கேயே வேலை, கல்யாணம், பிள்ளை என்று தங்கிவிட்டான். ராசியில்லாதவனுக்குக் கதவு திறந்தே கிடந்தது, ராசிக்காரிக்குத்தான் பூட்டு. இதை யாரும் அப்போது யோசிக்கவில்லை, திலகவதியும் சேர்த்துத்தான்.

காலையில் கடையின் இரும்புக் கதவை முதலில் அவள் வலது கை தொட வேண்டும். அவள் தொட்ட பிறகுதான் சின்னத்தம்பி பூட்டில் சாவியைப் போடுவார். முதல் போணியை அவள்தான் வாங்கிக் கண்ணில் ஒற்றிக்கொள்ள வேண்டும். ஒருமுறை டெங்கிக் காய்ச்சலில் அவள் ஆஸ்பத்திரியில் கிடந்தபோது, சின்னத்தம்பி சாவிக்கொத்தை அங்கேயே எடுத்துக்கொண்டு போய், மயங்கிக் கிடந்தவளின் விரல்களைப் பிரித்து, அதில் சாவியைத் தொடவைத்து எடுத்துக்கொண்டு ஓடி வந்தார். காய்ச்சல் எப்படி இருக்கிறது என்று நர்ஸிடம் கேட்க மறந்துவிட்டார். "நான் பொண்ணப் பெத்தேனா, சாவியப் பெத்தேனா?" என்று அவள் அம்மா குஞ்சம்மா அன்று முழுக்கத் திட்டினாள். குஞ்சம்மா கண்ணை மூடிய பிறகு அப்படித் திட்டவும் ஆள் இல்லை.

படிப்பில் திலகவதி கெட்டிக்காரி. ஈப்போவில் ஆசிரியர் பயிற்சிக்கு இடம் கிடைத்தது. சின்னத்தம்பி கோபப்பட்டுக் கத்தியிருந்தால் அவளும் பதிலுக்குக் கத்திவிட்டுப் போயிருப்பாள். அவர் அழுதார். நாற்காலியில் உட்கார்ந்து துண்டால் முகத்தை மூடிக்கொண்டு, "நீ போம்மா, நல்லா இரு. நான் கடைய மூடிட்டு மறுபடி தோட்டத்துக்கே போயிடுறேன்" என்று விம்மினார். அவள் போகவில்லை. அழுகிற அப்பனைவிட அடிக்கிற அப்பன் மேல் என்பது அவளுக்கு ரொம்பப் பின்னால்தான் புரிந்தது.

பெண் கேட்டு வந்தவர்களுக்கும் குறைவில்லை. ராசியான பெண்ணை யார் வேண்டாம் என்பார்கள்? அதுவே வினையாகப் போயிற்று. "என் ராசிய எவனுக்கோ தாரை வார்க்கணுமாக்கும்" என்று சின்னத்தம்பி ஒவ்வொருவரையும் தட்டிக் கழித்தார். ஒருவனுக்கு ஜாதகம் சரியில்லை, ஒருவனுக்கு மூக்கு சரியில்லை, ஒருவன் வீட்டு நாய் இவரைப் பார்த்துக் குரைத்தது. இப்படியே அவளுக்கு நாற்பது தாண்டிவிட்டது.

ஒன்றை மறைக்காமல் சொல்லிவிட வேண்டும். அவளுக்கு அந்த ராசி பிடித்திருந்தது. ஊரில் யார் புது மோட்டார் சைக்கிள் வாங்கினாலும் அவள் கை வைக்க வேண்டும். பிள்ளைக்கு முதல் சோறு அவள் ஊட்ட வேண்டும். நாலு நம்பர் லாட்டரி எடுக்கிறவர்கள் சீட்டை அவள் கையில் கொடுத்து வாங்குவார்கள்; அடித்தால் அவள் ராசி, அடிக்காவிட்டால் அவரவர் தலையெழுத்து. இதைவிட வசதியான பெயர் எவருக்குக் கிடைக்கும்? சின்னப் பிள்ளைகள்கூட அவளை "ராசிக்கா" என்றுதான் கூப்பிட்டார்கள். அவள் வயதுக்காரிகளுக்குப் புருஷன், பிள்ளை, சண்டை, சமாதானம் என்று ஆயிரம் இருந்தது. இவளுக்கு இந்த ஒன்றுதான். பொன் விலங்காக இருந்தால் பூட்டிக்கொண்டு கண்ணாடி பார்க்கத் தோன்றும் அல்லவா?

அவளைத் திலகவதி என்று முழுப் பெயர் சொல்லிக் கூப்பிட்ட ஒரே ஆள் யூஜின். தங்கா பத்து என்ற ஊரிலிருந்து கடையின் ஐஸ்பெட்டியைப் பழுது பார்க்க வருகிறவர். மனைவியை நோயில் பறிகொடுத்தவர். ஞாயிறு தவறாமல் மாதா கோயிலுக்குப் போவார், மற்ற நாட்களில் மோட்டாரும் கம்ப்ரெஸருமே கதி.

"ராசி ராசிங்கிறாங்களே, அப்புறம் ஏன் இந்த ஐஸ்பெட்டி மட்டும் அடிக்கடி கெட்டுப் போவுது?" என்று ஒருநாள் கேட்டார்.

"அத நான் தொடுறதில்லையே" என்றாள்.

"தொட்டுடாதீங்க, திலகவதி. அப்புறம் நான் எதச் சாக்கா வச்சு இங்க வர்றது?"

அவள் சிரித்தாள். வெகுநாளாகச் சிரிக்காத சிரிப்பு. யூஜின் முறையாக வந்து சின்னத்தம்பியிடம் பெண் கேட்டார். சின்னத்தம்பி மதத்தைப் பற்றி ஒரு வார்த்தை பேசவில்லை. "அவரு எந்தச் சாமியக் கும்பிட்டா எனக்கென்ன? தங்கா பத்துலேருந்து தெனம் விடியக்காலையில வந்து நீ கதவத் தொட முடியுமா, அதச் சொல்லு மொதல்ல" என்று மகளிடம் கேட்டார். யூஜின் கோபித்துக்கொள்ளவில்லை. காத்திருப்பதாகச் சொல்லிவிட்டுப் போனார், காத்துக்கொண்டும் இருந்தார்.

அந்த வருடம் தீபாவளிக்குக் கணேஸ்வரன் தன் மனைவி பவானேஸ்வரியையும் மகள் திவ்யதர்ஷினியையும் அழைத்துக்கொண்டு வந்தான். குழந்தைக்கு அப்போதுதான் பேச்சு திருந்தியிருந்தது. மறுநாள் காலையில் திலகவதி கடைக் கதவை நோக்கிக் கையை நீட்டுவதற்குள், குழந்தை முன்னால் ஓடி, இரண்டு உள்ளங்கையாலும் இரும்புக் கதவைப் படபடவென்று தட்டிவிட்டது. சின்னத்தம்பியின் முகம் செத்துப் போயிற்று. "அப்பன மாதிரியே வந்து சேந்துருக்கு" என்று முணுமுணுத்தார்.

ஆனால் மத்தியானத்துக்குள் செர்காமிலிருந்து ஆள் வந்தது. அங்கே பெரிய கல்யாணம், சாப்பாடு செய்வதாக ஒப்புக்கொண்டவன் கடைசி நேரத்தில் காலை வாரிவிட்டான், நீங்கள்தான் கை கொடுக்க வேண்டும் என்றார்கள். அடுத்த நாள், பல வருடமாகக் கேட்டும் தராமல் இழுத்தடித்த பக்கத்துக் கடைக்காரர் தானாக வந்து, இடத்தை எடுத்துக்கொள்ளச் சொன்னார். அவருக்குச் சர்க்கரை வியாதியில் கால் போய்விட்டது, அதனால் கடையை விடுகிறார். சின்னத்தம்பிக்கு அந்தக் கால் கண்ணில் படவில்லை. பேத்தியின் கைதான் பட்டது.

அன்று முதல் குழந்தை அவர் இடுப்பை விட்டு இறங்கவில்லை. காலையில் அவர் திலகவதியைத் தாண்டி நடந்து, குழந்தையின் கையை எடுத்துக் கதவில் வைத்தார். கணேஸ்வரனைப் பார்த்து, "வாய்யா, ஏன் பின்னால நிக்கிற, முன்னால வா" என்றார். வயது முப்பத்தெட்டில் முதல்முறையாக அவன் அப்பன் கடையின் முன்வாசலில் நுழைந்தான். அவன் கண் கலங்கியதைத் திலகவதி பார்த்தாள்.

ஒரு சாயங்காலம் சின்னத்தம்பி குழந்தைக்குப் பிஸ்கட்டைத் தேத்தண்ணீரில் நனைத்து ஊட்டிக்கொண்டே கேட்டார்: "அந்த ஐஸ்பெட்டிக்காரரு இன்னும் உன்னக் கேக்குறாரா?"

"ம்."

"சரி, கட்டிக்க. சர்ச்சுலேன்னாலும் சரி. பக்கத்து எடத்துல புதுக்கடை தெறந்து பால் பொங்குனதும் போய்க்க."

அவள் முகத்தை அவர் பார்க்கக்கூட இல்லை. பாதி வாழ்க்கையாக எந்த வார்த்தைக்குக் காத்திருந்தாளோ அந்த வார்த்தை, மீதிச் சில்லறையைக் கொடுப்பதுபோல வந்தது. அவள் உள்ளே போய் யூஜினுக்குப் போன் செய்தாள். அவர் மறுமுனையில் சிறு பிள்ளையாகக் குதித்தார். புதுக்கடை திறக்கிற அன்றே அவளைத் தன் வேனில் தங்கா பத்துவுக்கு அழைத்துக்கொண்டு போய், தன் அக்கா அகதாவிடம் காட்டிவிட்டு, மாதா கோயில் சாமியாரையும் பார்த்துப் பேசிவிடலாம் என்றார். திலகவதி சரி என்றாள். சந்தோஷம் இருந்தது. அதற்கு அடியில் வேறொன்றும் எரிந்துகொண்டிருந்தது. அதற்கு அவள் பெயர் வைக்கவில்லை.

மறுநாள்தான் முழுத் திட்டமும் வெளியே வந்தது. "புள்ளைய இங்கேயே விட்டுட்டுப் போங்க" என்றார் சின்னத்தம்பி. "ரெண்டு பேரும் வேலைக்குப் போறீங்க. எவளோ பாத்துக்கிறதுக்கு நான் பாத்துக்கிறேன். இங்கேயே படிக்கட்டும், இங்கேயே இருக்கட்டும். எங்கேயும் அனுப்ப மாட்டேன்." பவானேஸ்வரி புருஷனைப் பார்த்தாள். அவன் தலையாட்டினான்.

திலகவதி தம்பியைக் கடைக்குப் பின்னால் பிடித்தாள். அவன் சிகரெட் பிடித்துக்கொண்டிருந்தான்.

"கணேசு, புள்ளைய இங்க விடாத."

"ஏன்க்கா?"

"என்னப் பாரு. அது போதாதா உனக்கு?"

"உனக்கு என்னக்கா கொற? ஊரே உன் கையத் தேடி வந்துச்சு. எனக்கு இந்தப் பின்பக்கம்தான், பாத்திரம் கழுவுற தண்ணியிலதான் நடந்தேன்."

"நீ தப்பிச்சவன்டா."

"தப்பிச்சேனா? சொந்த அப்பன் என்னைப் பாத்தாலே தரித்திரம்னு மொகத்தத் திருப்புவாரு, அதுக்குப் பேரு தப்பிக்கிறதா? போக்கா. எனக்குக் கெடைக்காதது என் புள்ளைக்குக் கெடைக்குது. விடு லா." சிகரெட்டைக் கீழே போட்டு மிதித்தான். பிறகு தலை நிமிராமல் கேட்டான்: "பொறாமையாக்கா?"

அன்று காலை அப்பா குழந்தையின் கையை எடுத்துக் கதவில் வைத்தபோது, அவளுடைய வலது கை தானாக எழும்பி, வேலையில்லாமல் கீழே இறங்கியது. அதை யாரும் பார்க்கவில்லை என்றுதான் நினைத்திருந்தாள்.

கணேஸ்வரனின் லீவு முடிவதற்குள்ளேயே புதுக்கடை திறக்கிற நாள் வந்தது. வாசலில் வாழை மரம், மாவிலை, கோயில் குருக்கள், ஊர் சனம், வெளியே கூடாரத்தில் நாற்காலி. யூஜின் விடியற்காலையிலேயே வந்து புது ஐஸ்பெட்டியை ஓடவிட்டுவிட்டு, சட்டை மாற்றிக்கொண்டு நின்றார். வேனைக்கூடக் கழுவியிருந்தார். திலகவதியின் பை அதில் ஏறியிருந்தது.

கடை நடுவில் அடுப்பு வைத்துப் பால் காய்ச்ச வேண்டும். பொங்கி வழிந்தால் லட்சுமி வந்தாள் என்று அர்த்தம். திரிந்துபோனால் அதைப் பற்றிப் பேசவே ஆள் இருக்காது. ஆனால் தொட்ட கையை ஜென்மத்துக்கும் மறக்கமாட்டார்கள். பாலைச் சட்டியில் ஊற்றிக் கொண்டுவருகிற வேலை திலகவதிக்கு. அவள் சமையல்கட்டில் நின்றாள். பக்கத்துப் பேசினில் தண்ணீரில் பிழிவதற்காக நறுக்கிய லீமாவ் எலுமிச்சை குவிந்து கிடந்தது. வெளியே அப்பாவின் குரல் கேட்டது. குழந்தைக்குப் பாடம் நடந்துகொண்டிருந்தது.

"தாத்தா கடைய விட்டு எங்கேயும் போக மாட்டேன்னு சொல்லு."

"போக மாட்டேன்."

"படிக்கக் கூப்பிட்டா?"

"போக மாட்டேன்."

"கட்டிக்கக் கூப்பிட்டா?"

கூட்டம் சிரித்தது. குழந்தையும் சிரித்துக்கொண்டே, "போக மாட்டேன்" என்றது.

திலகவதி ஒரு கை லீமாவ் அள்ளிச் சட்டிக்குள் பிழிந்தாள். தோலைக் குப்பையில் போட்டாள். அதன்மேல் பாலை ஊற்றினாள். வெளியே போய் என்ன சொல்ல வேண்டும் என்பதையும் அங்கேயே நின்று ஒருமுறை வாய்க்குள் சொல்லிப் பார்த்துக்கொண்டாள். 'ராசியெல்லாம் பொய்ப்பா. நான் கிளம்புறேன்.' அவ்வளவுதான், பெரிய வசனம் ஒன்றுமில்லை.

சின்னத்தம்பி பேத்தியை மடியில் வைத்து, அவள் கையில் கரண்டியைக் கொடுத்து, அந்தக் கையைத் தன் கையால் பிடித்துப் பாலைக் கிண்டினார். பால் சூடேறியது. பொங்கவில்லை. ஓரத்தில் முதலில் ஒரு கோடு பிரிந்தது, பிறகு சட்டி முழுக்கத் திரிதிரியாகக் கட்டியும் பச்சைத் தண்ணீருமாகப் போயிற்று. குருக்கள் மந்திரத்தை நிறுத்திவிட்டார்.

சின்னத்தம்பி கத்தவில்லை. குழந்தையின் விரல்களை ஒவ்வொன்றாகப் பிரித்துக் கரண்டியை எடுத்தார். அவளை மடியிலிருந்து இறக்கித் தரையில் விட்டார். "அப்பன் ராசி. அப்படியே இருக்கு" என்றார்.

"வெயில்ல பாலு கெட்டுருக்கும் அங்கிள். புள்ள என்ன செய்யும்?" என்றார் யூஜின். யாரும் காதில் வாங்கவில்லை.

குழந்தை தாத்தாவின் வேட்டியைப் பிடித்துக்கொண்டு, "நான் என்னா செஞ்சேன் தாத்தா?" என்று கேட்டது. அவர் வேட்டியை விடுவித்துக்கொண்டார். பவானேஸ்வரி ஓடி வந்து பிள்ளையை வாரி எடுத்துக்கொண்டாள். "இனிமே இந்த வாசப்படிய மிதிச்சேன்னா பாருங்க" என்று மாமனார் முகத்துக்கு நேராகவே சொன்னாள். முன்வாசலில் கூட்டம் நின்றதாலோ, பழக்கத்தாலோ, கணேஸ்வரன் பின்பக்கமாகப் போய்க் காரை எடுத்தான். குழந்தை அழுகிற சத்தம் முச்சந்தி வரைக்கும் கேட்டது.

நான்தான் செய்தேன் என்று திலகவதி அப்போது சொல்லியிருக்கலாம். சொன்னால் குழந்தையின் பழி தீரும், ஆனால் குழந்தை மறுபடி இங்கே வரும். அழட்டும், ஒரு வாரத்தில் மறந்துவிடும், ராசிகெட்டவள் என்ற பெயரோடு போய்ப் படித்து, எங்கேயோ வேலை பார்த்து, யாரையோ கட்டிக்கொண்டு வாழட்டும். அப்படித்தான் தனக்குச் சமாதானம் சொல்லிக்கொண்டாள்.

இனி அவள் கிளம்ப வேண்டியதுதான். வாயைத் திறந்தாள். அதற்குள் சின்னத்தம்பி அவள் பக்கம் திரும்பினார். திருவிழாக் கூட்டத்தில் தொலைந்துபோன பிள்ளை தாயைப் பார்ப்பதுபோலப் பார்த்தார்.

"திலகா, என்னை விட்டுறாத. வேற சட்டி வச்சு நீ தொடும்மா."

"அதானே, ராசிக்கா இருக்கிறப்ப சின்னப் புள்ளைய யாரு உக்கார வைக்கச் சொன்னது?" என்றது கூட்டத்தில் ஒரு குரல். "ராசிக்கா, வாங்க." "வழி விடுங்க, ராசிக்கா வராங்க." சனம் இரண்டாகப் பிரிந்து பாதை விட்டது.

வாய்க்குள் சொல்லி வைத்திருந்த வார்த்தை எங்கே போனதென்று தெரியவில்லை. அவள் வேறு சட்டியைக் கழுவினாள். வேறு பாலை ஊற்றினாள். அடுப்புக்கு முன்னால் உட்கார்ந்து கையை வைத்தாள். பால் நல்ல பால், சட்டி நல்ல சட்டி. பொங்காமல் என்ன செய்யும்? நுரைத்து எழுந்து நாலு பக்கமும் வழிந்தது. பெண்கள் குலவையிட்டார்கள். சின்னத்தம்பி மகளின் வலது கையை எடுத்துக் கண்ணில் ஒற்றிக்கொண்டு அழுதார்.

திலகவதிக்கு அப்போது சந்தோஷமாக இருந்தது. குழந்தை தப்பித்ததே என்ற சந்தோஷம் இல்லை அது. தன் இடம் தனக்குத் திரும்பி வந்த சந்தோஷம். அடிவயிற்றிலிருந்து குளிர்ந்துகொண்டு வந்தது. யாருக்காக லீமாவைப் பிழிந்தோம் என்று அவளுக்கு அந்த நிமிடத்தில் தெரிந்துவிட்டது. தெரிந்தும் அந்தச் சந்தோஷம் குறையவில்லை. அதுதான் கொடுமை.

கூட்டம் பந்திக்கு நகர்ந்தபோது யூஜின் அருகில் வந்தார். "அக்கா காத்துக்கிட்டு இருப்பாங்க. போவோமா?"

"இன்னிக்கு எப்படிங்க? மொத போணி நான்தானே வாங்கணும்."

"நாளைக்கு?"

அவள் கல்லாப் பக்கம் பார்த்தாள். யூஜின் அவள் வலது கையைப் பிடித்தார். இத்தனை வருடத்தில் அவர் அவளைத் தொட்டது அதுதான் முதல்முறை. விரல்களைத் தன் முகத்தருகே கொண்டுபோய் ஒரு நொடி நின்றார்.

"லீமாவ் வாசன வருது" என்றார் மெதுவாக. "பாலு திரிஞ்சப்பவே நீங்கதான்னு தெரிஞ்சுச்சு. அந்தப் புள்ளைக்காகத்தான் செஞ்சீங்கன்னு நெனச்சேன், திலகவதி. உள்ளுக்குள்ள கும்பிட்டேன்கூட."

கையை விட்டுவிட்டு வேனுக்குப் போனார். அவளுடைய பையை இறக்கி, வாழை மரத்துக்குப் பக்கத்தில், யாரும் மிதிக்காதபடி ஓரமாக வைத்தார். வேன் தங்கா பத்துப் பக்கம் திரும்பிப் போயிற்று.

சின்னத்தம்பி தோளில் துண்டோடு, முகமெல்லாம் பல்லாக வந்தார். "ஐஸ்பெட்டிக்காரரு ஏம்மா சாப்பிடாம போறாரு?" என்றார். பிறகு கொஞ்சம் தயங்கினார். வார்த்தை கொடுத்தது அவருக்கும் நினைவுக்கு வந்திருக்க வேண்டும். "இனிமே கேட்டு வராதீங்கன்னு நான் வேணும்னா போன் அடிச்சுச் சொல்லவாம்மா? உனக்குச் சங்கடமா இருக்கும்."

முதல் ஆள் கல்லாவுக்கு முன்னால் நோட்டை நீட்டியபடி நின்றான்.

"வேணாம்ப்பா. நானே சொல்லிட்டேன்" என்று சொல்லி, திலகவதி கையை நீட்டினாள்.